படை இறங்கினால்தான் பேச்சு நகருமா?

கேள்வி: குவைத், போஸ்னியா இரண்டையும் காட்டி, ‘அடித்த பிறகுதான் வழிக்கு வந்தார்கள்’ என்கிறார்கள். படைபலம் எங்கே எடுபடும், எங்கே கையைச் சுடும்? ஒப்பந்தம் நிலைக்க அதில் என்ன இருக்க வேண்டும்?

பதில் 1: குவைத்தை வைத்துப் பொதுவிதி போடாதீர்கள். 1990 ஆகஸ்ட் 2 அன்று ஈராக் நுழைந்தது, அன்றே ஐ.நா. பாதுகாப்பு அவையில் 660ஆம் தீர்மானம், நான்கு நாளில் 661 வழியாகப் பொருளாதாரத் தடை, நவம்பர் 29இல் படைபலத்தைப் பயன்படுத்த அனுமதித்த 678. அது 1991 ஜனவரி 15 வரை கெடு வைத்தது. சீனா வீட்டோ போடாமல் வாக்களிப்பிலிருந்து விலகிக்கொண்டதால்தான் 678 தப்பியது. கேட்டது ஒன்றே ஒன்று: ‘வெளியேறு’. நிறைவேறியதா என்று வரைபடத்தில் பார்த்துவிடலாம். தரைப்போர் 100 மணி நேரத்தில் முடிந்தது. ‘ஆட்சியை மாற்று’ என்பது இலக்காகிவிட்டால் எப்போது நிறுத்துவது என்றே தெரியாது.

பதில் 2: போஸ்னியாவில் முதலில் தோற்றது அரைகுறைப் படைபலம். 1993இல் ‘பாதுகாப்புப் பகுதிகள்’ அறிவித்தார்கள். அவற்றைக் காக்க ஏறத்தாழ 34,000 வீரர் தேவை என்று ஐ.நா. தளபதிகள் கணக்கிட, பாதுகாப்பு அவை அனுமதித்தது சுமார் 7,600. 1995 ஜூலையில் அப்பகுதிகளில் ஒன்றான ஸ்ரெப்ரெனிட்சா போஸ்னிய செர்பியப் படையிடம் வீழ்ந்தது. ஆகஸ்ட் 30இல் தொடங்கிய நேட்டோ குண்டுவீச்சு மட்டும் நிலைமையைத் திருப்பவில்லை. குரோஷிய, போஸ்னியப் படைகள் தரையில் முன்னேறி, நிலப் பங்கீட்டை ஏற்கெனவே மேசையில் இருந்த 51:49க்கு (போஸ்னியாக்–குரோஷியர் கூட்டமைப்புக்கு 51%, செர்பியருக்கு 49%) பக்கத்தில் கொண்டுவந்திருந்தன. அமெரிக்காவின் டேட்டன் நகரில் 21 நாள் சமாதானப் பேச்சு அதன்மேல்தான் நடந்தது. பிறகு போர்நிறுத்தக் கோட்டுக்கு இருபுறமும் 2 கி.மீ. படைவிலக்கு, காவலுக்குச் சுமார் 60,000 வீரர்.

பதில் 3: ஒப்பந்தம் நிலைக்க என்ன வேண்டும் என்ற கடைசிக் கேள்விக்கு எகிப்தின் சினாய் தீபகற்பத்தைப் பாருங்கள். 1979 எகிப்து–இஸ்ரேல் உடன்படிக்கை ‘படைக்குறைப்பு’ என்று மொட்டையாகச் சொல்லாமல் நான்கு மண்டலம் பிரித்தது. சூயஸ் கால்வாய்ப் பக்கம் எகிப்துக்கு 22,000 பேர், 230 டாங்கி வரை. எல்லையை ஒட்டி எகிப்தின் காவல்துறை மட்டும். இஸ்ரேல் பக்கம் 4,000 பேர் வரை. ஐ.நா. படைக்கு சோவியத் வீட்டோ வரும் என்ற நிலையில், தனிப் பன்னாட்டுப் படை அமைத்து 1982 ஏப்ரலில் நிறுத்தினார்கள். மீறலை எண்ணிப் பார்க்க முடிந்தால் வாதம் குறையும். ‘பழைய நிலைகளுக்குத் திரும்புவது’ என்று வரைபடம் இல்லாமல் எழுதினால், எது பழைய நிலை என்பதே அடுத்த சண்டை.

எல்லைக்கோடுதான் எப்போதும் முட்டுக்கட்டை என்றும் நினைக்க வேண்டாம். கொரியாவில் 1951 நவம்பரிலேயே கோட்டில் ஒத்துப்போனார்கள். போர்க்கைதிகளை விருப்பமின்றித் திருப்பி அனுப்பலாமா என்பதில் சிக்கி, கையெழுத்து 1953 ஜூலை 27க்குத் தள்ளிப்போனது.

கேள்வி கேட்டவர்: கியூபாவில் சோவியத் ஏவுகணைகள் வைத்த 1962 நெருக்கடி?

பதில் 2: படைபலமும் பேரமும் இரண்டும் சேர்ந்தது. ‘முற்றுகை’ என்றால் போர்ச்செயல் ஆகிவிடும் என்பதால் கடல் வளையத்துக்குத் ‘தனிமைப்படுத்தல்’ என்று பெயர். கூடவே துருக்கியிலிருந்த அமெரிக்காவின் ஜூபிடர் ஏவுகணைகளை விலக்குவதாக ரகசிய வாக்குறுதி. அது வெளியே வராமல் இருப்பதே அமெரிக்காவின் நிபந்தனை.