‘டான்டம்’ என்றால் சேர்ந்தா, வரிசையாகவா?

கேள்வி: பழைய ஆங்கிலப் பயணக் குறிப்பு ஒன்றை மொழிபெயர்க்கிறேன். ‘குதிரைகளை டான்டம் ஓட்டினார்’ என்று வருகிறது. ‘இணையாக’ என்று எழுதிவிட்டேன், மனம் ஒப்பவில்லை.

பதில்: ஒப்பாததே நல்லது. அங்கே அது வினையடை. ஒன்றன்பின் ஒன்றாக என்று பொருள். லத்தீனில் ‘டான்டம்’ என்றால் ‘ஒருவழியாக, கடைசியில்’. ஆங்கிலத்தில் அது ‘அட் லெங்த்’. அதை ‘நீளவாக்கில்’ என்று திரித்து 18ஆம் நூற்றாண்டில் யாரோ குறும்பு செய்திருக்கிறார்கள். வெறும் சிலேடை!

இன்னொரு பதில்: இருவர் மிதிக்கும் சைக்கிளுக்கும் அதே பெயர்தான். பின்னால் இருப்பவருக்கு முன்னவர் முதுகுதான் காட்சி. ‘இன் டான்டம்’ என்று கூட்டுழைப்பைச் சொல்வது பிறகு வந்த வழக்கம்.

கேட்டவர்: ‘முன்னும் பின்னுமாகப் பூட்டி ஓட்டினார்’ என்று திருத்திவிட்டேன். மாடுகளை அருகருகே பூட்டிப் பார்த்த கண், ஏமாந்துவிட்டது.