ப்ஷிகோடா படங்களை வைத்து எடிட்டிங் பயிலரங்கு: பிரிண்டை வெட்டிக் காட்டலாமா?

அரிசிலாற்றங்கரை:
கும்பகோணத்தில் கல்லூரிப் பிள்ளைகளுக்கு ஒருநாள் பயிலரங்கு. பொருள், ஜெர்மன் எடிட்டர் பீட்டர் ப்ஷிகோடா. 16 மி.மீ. புரொஜெக்டர், டேப் ஸ்பிளைசர் (ஃபிலிமை வெட்டி டேப்பால் ஒட்டும் கருவி), ஒலியோடு கூடிய பழைய செய்திப்பட பிரிண்ட் ஒன்று இருக்கின்றன. ஸ்டீன்பெக் மேசை (ஃபிலிம் எடிட்டிங் மேசை) கிடையாது. எந்தப் படத்தில் தொடங்கலாம்? இந்த பிரிண்டையே வெட்டி ஒட்டிக் காட்டலாமா?

டூரிங்_டாக்கீஸ்:
1941-ல் பெர்லினில் பிறந்தவர், 2011-ல் மறைந்தார். ஜெர்மன் இயக்குநர் விம் வெண்டர்ஸோடு 1970-ல் தொடங்கி 'பலெர்மோ ஷூட்டிங்' (2008) வரை வேலை செய்தவர். அதற்காக வெண்டர்ஸின் எடிட்டர் என்று மட்டும் அறிமுகம் செய்துவிடாதீர்கள். வெண்டர்ஸ் எடுக்காத 'கத்தரீனா ப்ளூமின் இழந்த மானம்' (1975) படமும் இவர் தொகுத்ததுதான்.

'பாரிஸ், டெக்சாஸ்' (1984) படத்தில் கண்ணாடி அறைக் காட்சியை எடுங்கள். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நாயகன், அந்தப் பக்கம் அவன் மனைவி: அவனுக்கு அவள் தெரிவாள், அவளுக்கு அவன் தெரியமாட்டான். முதலில் ஒலியை அணைத்துவிட்டு, வெட்டு விழும்போதெல்லாம் மேசையைத் தட்டச் சொல்லுங்கள். பிறகு ஒலியோடு ஓட்டி, பேசுபவரை விட்டுக் கேட்பவரிடம் எடிட்டர் எந்தச் சொல்லில் போகிறார் என்று குறிக்கட்டும். காலை முழுக்க இதற்கே சரியாக இருக்கும். நேரம் மிஞ்சினால் 'விங்ஸ் ஆஃப் டிசையர்' (1987): தேவதூதர் பார்வை கறுப்பு வெள்ளை, மனிதர் பார்வை வண்ணம். மாறும் இடங்களை மட்டும் பாருங்கள்.

ஃபிலிம்சுருள்:
ஒலியுள்ள பிரிண்ட் எடிட்டிங் கற்றுக்கொடுக்க உதவாது. 16 மி.மீ.-ல் ஆப்டிகல் ஒலி (ஃபிலிம் ஓரத்தில் ஒளியால் பதிந்த ஒலித்தடம்) அதற்குரிய படத்தைவிட 26 ஃபிரேம் முன்னால் பதிந்திருக்கும். விநாடிக்கு 24 ஃபிரேம் என்றால், படத்தை வெட்டிய இடத்துக்கும் ஒலி அறுபடும் இடத்துக்கும் ஒரு விநாடிக்கு மேல் வித்தியாசம். அதனால்தான் எடிட்டிங் மேசையில் படம் தனிச்சுருள், காந்த ஒலி தனிச்சுருள். கிளாப் பலகை மூடும் ஃபிரேமையும் 'டக்' சத்தத்தையும் மெழுகுப் பென்சிலால் குறித்து, இரண்டையும் பூட்டி ஓட்டுவார்கள்.

ஒலியை அணைத்துவிட்டு வெறும் ஒட்டு மட்டும் காட்டலாம். 16 மி.மீ.-ல் ஃபிலிமின் ஓரத் துளை ஃபிரேம் கோட்டிலேயே இருப்பதால் வெட்டு துளையின் நடுவே போகும். இரு முனையையும் ஸ்பிளைசரின் முள்ளில் மாட்டி, இடைவெளியும் மேலேறலும் இல்லாமல் சேர்த்து, இரண்டு பக்கமும் டேப் போடுங்கள். காற்றுக் குமிழை விரலால் தேய்த்து வெளியேற்றுங்கள். துளையில் டேப் துணுக்கு நின்றால் ஃபிலிமை இழுக்கும் புரொஜெக்டர் நகம் வழுக்கிப் படம் குதிக்கும், சில நேரம் துளையே கிழியும்.

இன்னொன்று, டின்னைத் திறந்ததும் முகர்ந்து பாருங்கள். காடி நெடி அடித்தால் ஃபிலிம் சுருங்கத் தொடங்கியிருக்கும், ஓட்டவே ஓட்டாதீர்கள். ஐப்பசி கார்த்திகை ஈரத்தில் நம் பக்கம் இது சீக்கிரம் வரும். நெடி வந்த சுருளை இறுக்கி மூடினால் ஆவி உள்ளேயே தங்கி இன்னும் கெடுக்கும். சித்திரை வெயிலில் வேறு தொல்லை: டேப் பசை இளகி அடுத்த சுற்றோடு ஒட்டிக்கொள்ளும்.

தண்ணீர்ப்பந்தல்:
அந்தச் செய்திப்படத்துக்கு வேறு பிரதி உண்டா என்று தெரியாமல் கத்தி வைக்காதீர்கள் சார். வெறும் லீடர் (படம் பதியாத ஃபிலிம் துண்டு) போதும். 36 அடி ஒரு நிமிடம் ஓடும், ஒருநாள் பழக அதுவே தாராளம். மேசை இல்லாத குறைக்கு, கணினியில் ஒரே வீடியோ டிராக், ஒரே ஆடியோ டிராக், 'அன்டூ' கூடாது என்று விதி வையுங்கள். வெட்டுமுன் எந்த ஃபிரேம், ஏன் என்று தாளில் எழுதிவிட்டுத்தான் மவுஸைத் தொடவேண்டும்.