உமிமாச்சி டைரி: மங்காவில் இருந்த கோபத்தைத் திரைப்படம் கழுவிவிட்டதா?

கேள்வி – மழைமுகில்

அகிமி யோஷிதாவின் "உமிமாச்சி டைரி" மங்காவின் (ஜப்பானியப் படக்கதைத் தொடர்) ஒன்பது தொகுதிகளையும் படித்து முடித்த கையோடு, ஹிரோகாசு கொரேயெதா 2015இல் அதைத் தழுவி எடுத்த திரைப்படத்தையும் பார்த்தேன். அறியாதவர்களுக்காகக் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கடலோர ஊரான காமாகுராவில் பாட்டி விட்டுச்சென்ற பழைய மரவீட்டில் சாச்சி, யோஷினோ, சிகா என்னும் மூன்று சகோதரிகள் வசிக்கிறார்கள். பல ஆண்டுகளுக்கு முன்பு வேறொரு பெண்ணுக்காக வீட்டை விட்டுப் போன தந்தை இறந்த செய்தி கேட்டு யமகாதாவுக்குச் செல்லும் அவர்கள், அந்தப் பெண்ணுக்குப் பிறந்த சுசு என்னும் சிறுமியை அங்கே முதன்முறையாகச் சந்தித்துத் தங்களுடன் வாழ அழைக்கிறார்கள்.

என் மனக்குறை இதுதான். மங்காவில் சகோதரிகள் சண்டையிடும்போது முகம் கோணி, வாய் பிளந்து, கேலிச்சித்திரங்களாகவே மாறிவிடுகிறார்கள். சிரித்துக்கொண்டே பக்கத்தைப் புரட்டினால், யாரோ ஒருத்தியின் மனக்குரல் ஒரே வரியில் நம் நெஞ்சில் தைக்கிறது. திரைப்படத்திலோ செர்ரி மலர்கள் கவிந்த சாலையில் மிதிவண்டி போகிறது, கடல் மினுங்குகிறது, யோகோ கன்னோவின் இசை வருடுகிறது. பெற்றவர்கள் இருவராலும் கைவிடப்பட்ட பெண்களின் கதையை நாட்காட்டிப் படமாக்கிவிட்டார்களோ என்று தோன்றியது. இரண்டையும் அறிந்தவர்கள் என்ன நினைக்கிறீர்கள்? கதையின் முடிவு வரை பேசலாம். ஆகவே படிக்காதவர்கள் எச்சரிக்கையாக இருக்கவும்.

பதில் – திண்ணைவாசி

கழுவிவிட்டதாக நான் கருதவில்லை. கோபம் இடம் மாறியிருக்கிறது என்றே சொல்வேன். ஈமச்சடங்குக் காட்சியை மறுபடி பாருங்கள். சுசுவின் தாய் இறந்த பின் தந்தை மணந்த யோகோ அழுதுகொண்டே, வந்தவர்களுக்கு நன்றி கூறும் பொறுப்பைச் சுசுவே ஏற்கட்டும் என்கிறாள். சாச்சி குரலை உயர்த்தாமல், அது பெரியவர்கள் செய்ய வேண்டிய வேலை என்று மறுத்துவிடுகிறாள். அந்த ஒரு வாக்கியம் யோகோவை மட்டும் குறிவைத்ததன்று. பெரியவர்கள் செய்ய வேண்டியதைச் செய்யாமல் போனதால் சிறு வயதிலேயே தங்கைகளுக்குத் தாயாக நேர்ந்த ஒருத்தி, தன் பெற்றோர்மீது பல ஆண்டுகளாக வைத்திருக்கும் குற்றச்சாட்டும் அதுவே.

இன்னொரு காட்சி இதைவிடக் கூர்மையானது. மனைவி இருக்கும் ஆணை விரும்பியது தன் தாயின் தவறு என்று சுசு சாச்சியிடம் ஒரு தருணத்தில் வருந்துகிறாள். சாச்சி செவிலியாகப் பணிபுரியும் மருத்துவமனையில், மணமான மருத்துவர் ஒருவருடன் அவளுக்கே உறவிருப்பது அந்தக் குழந்தைக்குத் தெரியாது. இது யாருடைய தவறும் இல்லை என்று சாச்சி தேற்றும்போது, அவள் தேற்றுவது தங்கையையா, தன்னையா என்பது நமக்கு விளங்குவதில்லை. மங்கா இத்தகைய இடங்களில் மனக்குரலைக் கையாளும். திரைப்படம் அந்த வசதியைத் துறந்து, சாச்சியாக நடித்த அயாசே ஹாருகாவின் முகத்தை மட்டும் நம்புகிறது. எனக்கு அது போதுமானதாகவே இருந்தது.

கத்தல் வேண்டுமென்றால் அதுவும் இருக்கிறது. தந்தையோடு முன்பு ஏறிய குன்றுக்குச் சுசுவை அழைத்துச் செல்லும் சாச்சி, கடலைப் பார்த்து "அப்பா ஒரு முட்டாள்" என்று உரக்கக் கூவுகிறாள். சுசுவும் தன் தாயை அவ்வாறே ஏசிவிட்டு, தன்னுடன் இன்னும் கொஞ்ச காலம் இருந்திருக்கலாமே என்று உடைந்துபோகிறாள்.

பதில் – நான்காம் கட்டம்

திண்ணைவாசி கூறுவது நடிப்பைப் பொறுத்தவரை உண்மை. ஆனால் இழப்பே இல்லை என்று யாரும் எண்ணிவிடக் கூடாது. 2006 முதல் 2018 வரை "மாதாந்திர ஃப்ளவர்ஸ்" இதழில் பன்னிரண்டு ஆண்டுகள் வளர்ந்த தொடர் இது. திரைப்படம் வெளியானபோது மங்கா முடியக்கூட இல்லை. யோஷிதா கட்டியெழுப்பியது நான்கு சகோதரிகளை மட்டுமல்ல, ஓர் ஊரையே. சுசு விளையாடும் கால்பந்துக் குழு அங்கே வெறும் பின்னணி இல்லை. நோயால் காலின் ஒரு பகுதியை இழந்த பின்னும் ஆட்டத்துக்குத் திரும்பும் யூயாவின் வழியாகத்தான், இழப்புக்குப் பிறகும் நாட்கள் நகரும் என்பதைச் சுசு கண்ணால் காண்கிறாள். திரைப்படத்தில் கால்பந்து சில நிமிடங்களில் கடந்துவிடுகிறது. கடைசித் தொகுதிகளில் சிகாவுக்கு வாய்க்கும் கனமும் திரைச் சிகாவுக்கு இல்லை. அவள் பெரும்பாலும் சிரிப்பு மூட்டுபவளாகவே நின்றுவிடுகிறாள்.

மழைமுகில் குறிப்பிட்ட அந்தக் கேலி முகங்களைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். யோஷிதாவின் முந்தைய மங்காவான "பனானா ஃபிஷ்" தொடரில் நியூயார்க் தெருக்களின் வன்முறையை வரைந்த அதே கைதான், இருபது ஆண்டுகள் கழித்து அடுப்படிச் சண்டையையும் வரைந்திருக்கிறது. நகைச்சுவையிலிருந்து துயரத்துக்கு ஒரே கட்டத்தில் தாவ மங்காவால் முடியும், ஏனெனில் கண் நகரும் வேகம் படிப்பவர் கையில் இருக்கிறது. நடிகர்களைக் கொண்டு அதை அப்படியே செய்ய முயன்றிருந்தால் மிகை நடிப்பாகியிருக்கும். கொரேயெதா செய்யாமல் விட்டது சரி என்றாலும், அந்தச் சிரிப்பு இல்லாத இந்தக் குடும்பம் எனக்குச் சற்று அடக்கமாகத் தெரிகிறது.

மறுமொழி – மழைமுகில்

இருவருக்கும் நன்றி. குன்றுக் காட்சியை நான் அழகுக்காக வைக்கப்பட்டதாக மட்டுமே பார்த்திருந்தேன், ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் ஒரு கேள்வி எஞ்சுகிறது. படம் முழுவதும் இத்தனை உணவு எதற்கு? ஒவ்வொரு மனக்காயத்துக்கும் ஒரு தட்டு நீட்டுவது எளிய வழியாகப் படவில்லையா?

பதில் – உப்புக்காற்று

அந்த உணவுகள் காயத்தை ஆற்றுவதில்லை என்பதைக் கவனியுங்கள். மாறாக, யார் யாரிடம் எதை மறைக்கிறார்கள் என்பதைக் காட்டிக்கொடுக்கின்றன. சிராசு எனப்படும் பொடி மீனை அக்காமார்கள் பரிமாறும்போது, அதைத் தான் முன்பே உண்டிருப்பதைச் சுசு சொல்வதில்லை. ரொட்டியின் மேல் சிராசு பரப்பித் தந்தை அடிக்கடி செய்து தந்த நினைவு அவளிடம் உண்டு. ஆனால் தந்தை கைவிட்ட பிள்ளைகளின் முன்னால் அவரது அன்பைப் பற்றி எப்படிப் பேசுவது? அதே தந்தையைப் பற்றிச் சிகாவுக்கோ ஏறக்குறைய எந்த நினைவும் இல்லை. பாட்டி செய்வது போல் சிகுவா என்னும் குழல் வடிவ மீன் பண்டம் சேர்த்த கறியைச் சுசுவுடன் உண்ணும்போதுதான், அப்பாவைப் பற்றி என்றாவது சொல் என்று அவள் போகிற போக்கில் கேட்கிறாள். அக்கா தங்கையிடம் தந்தையைக் கடன் கேட்கும் இந்த இடத்தில் நான் படத்தை நிறுத்திவிட்டுச் சற்று நேரம் சும்மா இருந்தேன்.

பிளம் மதுவும் இப்படியே. பாட்டியின் நினைவுச்சடங்குக்கு வரும் மூன்று அக்காமார்களின் தாய், வீட்டை விற்றுவிடலாமே என்று சொல்லப்போய்ச் சாச்சியிடம் கடுமையாக வாங்கிக் கட்டிக்கொள்கிறாள். மங்காவின் கோபம் எங்கே என்று கேட்டீர்களே, இதோ இங்கே முழுக்குரலில் இருக்கிறது. அதன் பின் தாய் ஊர் திரும்பும் வேளையில், அவளைக் காத்திருக்கச் சொல்லிவிட்டு வீட்டுக்கு ஓடும் சாச்சி, தோட்டத்து மரத்தின் காயில் பாட்டி தன் கையால் ஊறவைத்ததில் கடைசியாக எஞ்சியதையும், அந்த ஆண்டு தாங்கள் ஊறவைத்ததையும் கொண்டுவந்து தருகிறாள். மன்னித்தேன் என்று அவள் சொல்வதில்லை. தாயும் அதைக் கேட்பதில்லை. மூடியைத் திறந்து முகர்ந்தால் தன் அம்மாவின் வாசனை அடிக்கும் என்பது மட்டும் இருவருக்கும் தெரியும்.