மறுமொழி: ‘செயற்கை ஈரநிலம்’ வேண்டாம், ‘தேற்றுநிலம்’ என்போமே

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். கழிவுநீரைச் சுத்திகரிக்கவென்றே செடிகளை நட்டு அமைக்கும் ‘கன்ஸ்ட்ரக்டட் வெட்லேண்ட்’ என்பதற்குத் தமிழ்ச்சொல்லாக நம் குழுவில் இதுவரை வந்த மூன்று சொற்களையும் படித்தேன். எனக்கு மூன்றிலும் தடை இருக்கிறது. சற்று நீளமாகவே எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

> செயற்கை ஈரநிலம் என்றே வைத்துவிடலாம். எல்லோருக்கும் புரியும்.

புரியும் ஐயா. ஆனால் அந்தச் சொல்லுக்கு ஏற்கெனவே வேறு வேலை இருக்கிறது. ஈரநிலங்களைக் காப்பதற்கான பன்னாட்டு ராம்சர் உடன்படிக்கையின் வகைப்பாட்டில் மனிதர் உண்டாக்கிய ஈரநிலங்கள் என்று ஒரு பெரும்பிரிவு உண்டு. பாசன ஏரி, நெல்வயல், உப்பளம், மீன்வளர்ப்புக் குளம், கால்வாய் எல்லாம் அதில் அடங்கும். கழிவுநீரைச் சுத்திகரிக்கும் இடங்கள் அவற்றுள் ஒரு வகை மட்டுமே. பாசனத்துக்காகக் கரை கட்டிய வேடந்தாங்கல் ஏரியும் செயற்கை ஈரநிலம்தான். அதையும் ஒரு விடுதியின் சமையலறைக் கழிவுநீரை வாங்கிக்கொள்ளும் சரளைப் படுகையையும் ஒரே பெயரால் அழைத்தால் பாடநூல் எழுதுபவர் என்ன செய்வார்?

> கட்டமைக்கப்பட்ட ஈரநிலம்

இது நீளம் என்பதைவிட, எதுவும் சொல்லாமல் விடுகிறது என்பதே என் குறை. யாரோ கட்டினார்கள் என்று தெரிகிறது. எதற்காக என்று தெரியவில்லை. பின்னால் ‘பூங்கா’ என்று சேர்த்துப் பாருங்கள்: கட்டமைக்கப்பட்டது நிலமா, பூங்காவா?

இவ்விரண்டு சொற்களிலும் எனக்குள்ள பெரிய அச்சம் வேறு. ‘ஈரநிலம் கழிவுநீரைச் சுத்தம் செய்யும்’ என்ற வாக்கியம் மக்கள் மனத்தில் பதிந்துவிட்டால், இயற்கைச் சதுப்பில் சாக்கடையைத் திறந்துவிடுவதற்கு அதுவே நியாயமாகிவிடும். சென்னையின் பள்ளிக்கரணைச் சதுப்புநிலம் 2022இல் ராம்சர் பட்டியலில் சேர்ந்தது. அதற்கு வெகு முன்பிருந்தே குப்பையும் கழிவுநீரும் அதன்மீது சுமத்தப்பட்டு வந்திருக்கின்றன. அந்தச் சதுப்பைக் காக்க வேண்டிய நாமே, கழிவுநீர் வாங்கும் இடத்துக்கும் அதன் இனப்பெயரைச் சூட்டலாமா? நாம் பெயர் தேடுவது கணக்குப் போட்டுக் கட்டும் ஓர் அமைப்புக்கு. அடியில் நீர் கசியாத தாளோ களிமண்ணோ இட்டு, சரளை நிரப்பி, நாணல், சம்பு, கல்வாழை நடுகிறார்கள். கழிவுநீர் முதலில் படிவுத் தொட்டியில் தங்கித் திடப்பொருள் அடியில் படிய வேண்டும். பெரும்பாலான அமைப்புகளில் அதைத் தவிர்த்தால் சரளை அடைத்துக்கொள்ளும். செடி உறிஞ்சுவது குறைவு. வேரிலும் சரளையிலும் படலமாக ஒட்டியிருக்கும் நுண்ணுயிரிகளே பெரும்பகுதி வேலையைச் செய்கின்றன. மேலிருந்து விட்டுவிட்டு நீர் பாய்ச்சும் செங்குத்துப் படுகையில் காற்று புகுவதால் அமோனியா நைட்ரேட்டாகிறது. நீர் கிடையாக நகரும் படுகையில் ஆக்சிஜன் குறைவு. அங்கே நைட்ரேட் நைட்ரஜன் வாயுவாகி வெளியேறுகிறது. அதனால்தான் இரண்டையும் அடுத்தடுத்து வைக்கிறார்கள். பள்ளிக்கரணை இப்படி வடிவமைத்த பொறி அன்று; அதனிடம் இந்த வேலையைக் கேட்பது கொடுமை.

> நாணற்படுகை. ஆரோவில்லில் பார்த்தது இதுதானே?

அம்மா, வந்த மூன்றில் எனக்குப் பிடித்தது இதுதான். நீர் வெளியே தெரியாமல் சரளைக்குள்ளேயே ஓடும் வகைக்கு மிகப் பொருத்தம். ஜெர்மனியில் 1950களில் கேத்தே சைடல் நீர்ச்செடிகளைக் கொண்டு கழிவுநீரைத் தூய்மைப்படுத்தும் சோதனைகளைத் தொடங்கினார். பின்னர் ரைன்ஹோல்ட் கிக்குத் தம் அமைப்புக்கு ‘வேர்மண்டல முறை’ என்று பொருள்படும் பெயரை வைத்தார். அதே வழியில் வந்த சொல் உங்களுடையது.

ஆனால் கலிபோர்னியாவின் ஆர்கேட்டா நகரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1986 முதல் அந்நகரின் கழிவுநீர், குளங்களையும் அதற்கென அமைத்த திறந்த சதுப்புகளையும் கடந்து ஹம்போல்ட் விரிகுடாவை அடைகிறது. அதே இடம் பறவைகள் சரணாலயம். மக்கள் நடை போகும் இடம். ஷாங்காயின் ஹௌதான் பூங்கா இன்னும் தெளிவான சான்று. நிலத்தோற்ற வடிவமைப்பாளர் யூ கோங்ஜியான், 2010 உலகக் கண்காட்சிக்காகப் பழைய தொழிற்சாலை நிலத்தில் அதை அமைத்தார். ஹுவாங்பு ஆற்றின் மாசுபட்ட நீர் 1.7 கிலோமீட்டர் நீளத்துக்குப் படிக்கட்டுகளிலும் செடிகளினூடும் நடந்து தேறும்படி வடித்தார். நாளொன்றுக்குச் சுமார் 2,400 கன மீட்டர். சுத்திகரிப்பு நிலையமே ஊரின் அழகாகும் இந்த இடங்களைப் ‘படுகை’ என்ற சொல்லுக்குள் அடைக்க எனக்கு மனம் வரவில்லை.

என் முன்மொழிவு: தேற்றுநிலம்.

தேறு, தேற்று. மாறு, மாற்று போன்ற தன்வினை, பிறவினை இணை இது. கலங்கல் நீரைத் தெளியவைக்கக் குடத்தின் உட்புறம் உரைக்கிறோமே, தேற்றாங்கொட்டை, அதிலும் இந்த வினை இருக்கிறது. ‘தெளிநிலம்’ ஏன் கூடாது என்று கேட்பீர்கள். தெளிந்த நீரெல்லாம் தூய நீர் அன்று. கண்ணுக்குத் தெளிவாயிருக்கும் நீரிலும் நைட்ரேட் கரைந்திருக்கும். ‘தேறு’ என்பதிலோ தெளிதலும் உண்டு, நோயிலிருந்து மீள்தலும் உண்டு. ‘உடம்பு தேறிவிட்டது’ என்கிறோம். கழிவுநீருக்கு இங்கே நேர்வதும் அதுதான். ‘துயரில் இருப்பவரைத் தேற்றுதல்’ என்ற பொருள் குறுக்கிடும் என்று சிலர் சொல்லக்கூடும். நிலம் என்று சேர்ந்தபின் அந்தக் குழப்பத்துக்கு இடமில்லை.

கிளைச்சொற்களும் இடறாமல் வருகின்றன: கிடைப்பாய்வுத் தேற்றுநிலம், செங்குத்துப்பாய்வுத் தேற்றுநிலம், திறந்தநீர்த் தேற்றுநிலம், தேற்றுநிலப் பூங்கா. குளங்களில் செடிகளைத் தாங்கி மிதக்கவிடும் தட்டுகளைத் ‘தேற்றுமிதவை’ எனலாம். ‘நாணற்படுகை’யைக் கைவிட வேண்டாம், கிடைப்பாய்வு வகையின் வழக்குப் பெயராக அது வாழட்டும்.

எல்லை குறித்து ஒன்று மட்டும் தீரவில்லை. கிழக்குக் கொல்கத்தா ஈரநிலங்களில் நகரின் கழிவுநீரை ஆழமற்ற குளங்களில் விட்டு மீன் வளர்க்கிறார்கள். வெயிலும் பாசியும் நுண்ணுயிரிகளும் நீரைத் தேற்றுகின்றன; மீனவர்கள் மதகைத் திறந்து மூடி அதை ஆளுகிறார்கள். சுத்திகரிப்புக்கென்றே கட்டியவை அல்ல என்பதால் அவற்றைத் தேற்றுநிலம் என்ற வரையறைக்கு வெளியே வைக்கவே நான் விரும்புகிறேன். மீன்வளத் துறையில் பணியாற்றியவர்கள் இக்குழுவில் இருக்கிறீர்கள். உங்கள் கருத்து தெரிந்தபின் வரையறையை எழுதி அனுப்புகிறேன்.

அன்புடன்