முத்துக்குளி ஓபரா: குடும்ப குரூப்ல ஓடுன பேச்சு

ஜெனிட்டா: எல்லாரும் ஹெட்போன் மாட்டிட்டு மேல போட்ட வீடியோவ கேளுங்க, ரெண்டு ஆம்பளைங்க சேந்து பாடுறது. ஜார்ஜ் பிசேன்னு பிரெஞ்சுக்காரர் போட்ட ஓபரா, அதாவது பாட்டாவே நடத்துற நாடகம், பேரே 'முத்துக்குளிப்பவர்கள்', கதை நடக்கிறது இலங்கைக் கடற்கரைல

மரியான் சித்தப்பா: முத்துக்குளியா!! எந்தக் காலத்துல எழுதுனாரு

ஜெனிட்டா: 1863 சித்தப்பா. செப்டம்பர் 30 பாரிஸ்ல மொத தடவ மேடையேறுச்சு, அவருக்கு 25 வயசுகூட ஆகல. 18 தடவதான் நடந்துச்சு, பத்திரிகைக்காரங்க பெரும்பாலும் தாளிச்சுட்டாங்க, பெர்லியோஸ்னு இன்னொரு இசையமைப்பாளர் மட்டும் பாராட்டி எழுதுனார். அதுக்கப்புறம் பிசே உயிரோட இருக்கிற வரைக்கும் யாரும் அத திரும்பப் போடவே இல்ல

மரியான் சித்தப்பா: பாட்டு கேட்டேன், நெஞ்ச பிடிக்குது. ஆனா கதைச் சுருக்கம் படிச்சா ஆளுங்க பேரு நாதிர், சுர்கா, லெய்லாங்கான். நம்ம கடல்ல குளிச்சவன் யாருக்கு இந்தப் பேரு இருந்துச்சு? பிரம்மாவ வேற கும்பிடுதானுவ

ஜெனிட்டா: கரெக்ட்தான், மொதல்ல கதைய மெக்சிகோவுலதான் வச்சிருந்தாங்க, அப்புறம் சிலோனுக்கு மாத்துனாங்க. கதை எழுதுன ரெண்டு பேருக்கும் இந்தக் கடலப் பத்தி பெருசா ஒண்ணும் தெரியாது, கதை வீக்குதான், அத நான் தாங்கிப் பேச மாட்டேன். ஆனா இசைய கேளுங்க, அந்த டூயட்ல பின்னாடி புல்லாங்குழலும் ஹார்ப்புங்கிற நரம்பு வாத்தியமும் மெதுவா போகும், ஒரே பொண்ண ரெண்டு பேரும் மனசுல வச்சிருக்காங்க, அவளால நட்பு முறிஞ்சிரக்கூடாதுன்னு சத்தியம் பண்றாங்க, பாடும்போதே அவங்களுக்கு நம்பிக்கை இல்லேன்னு நமக்குத் தெரியும்

செல்வி சித்தி: அந்த முக்காடு போட்ட பிள்ள யாரு

ஜெனிட்டா: அவதான் லெய்லா, பூசாரிப் பொண்ணு. ஆளுங்க கடல்ல இறங்குறப்போ பாறை மேல நின்னு அவங்களுக்கு ஒண்ணும் ஆகக்கூடாதுன்னு பாடணும், முகத்த யாருக்கும் காட்டக்கூடாது, விரதம் தப்புனா உயிர் போயிரும்

மரியான் சித்தப்பா: ஏ பிள்ள இது நம்ம சலாபத்துல, அதான் முத்துக்குளிக்கிற எடத்துல, நெசமாவே இருந்துச்சு தெரியுமா. கடல்கட்டின்னு ஒரு ஆளு, சுறா வாயக் கட்டுறதுக்கு மந்திரம் ஓதுவான், அவன் கரைல இல்லேன்னா குளியாளு எவனும் தோணிலேர்ந்து இறங்க மாட்டான். எங்க பாட்டையா சொல்வாரு, கல்லுல கால வச்சு விறுவிறுன்னு கீழ போவாங்களாம், மேல ஒருத்தன் கயிறப் பிடிச்சுக்கிட்டே நிப்பானாம், கயிறு அசைஞ்சா உடனே தூக்கணும், அசந்தா ஆளு போச்சு

ஜெனிட்டா: சித்தப்பா!! உடம்பெல்லாம் சிலிர்க்குது. நான் லெய்லாவ சும்மா மேடைக்காகச் சேத்த ஆளுன்னே நினைச்சிட்டிருந்தேன்

பிரிட்டோ அண்ணன்: கார்மென்னு ஓபரா போட்டதும் இவர்தானே? விளம்பரத்துல எல்லாம் வருமே

ஜெனிட்டா: இவரேதான் ண்ணா. அத நினைச்சாத்தான் எனக்கு தாங்கல. 1875 மார்ச் 3 ஓபரா கோமிக் தியேட்டர்ல மொத நாள், அது குடும்பம் குடும்பமா வந்து கல்யாணத்துக்குப் பொண்ணு பாக்குற மாதிரி இடம், அங்க போயி சுருட்டுக் கம்பெனில வேலை பாக்குற பொண்ணு, மேடையிலேயே கொலை, கோரஸ் பொண்ணுங்க சிகரெட் பிடிச்சுட்டே சண்டை போடணும், அவங்களே முடியாதுன்னுட்டாங்க, மேனேஜர்கள்ல ஒருத்தர் கொலை வேண்டாம்னு சொல்லிப் பாத்து வேலையவே விட்டுட்டார். கடைசி அங்கத்துல கைதட்டக்கூட ஆளில்ல. பிசே அந்தக் கொலை முடிவ விட்டுக் குடுக்கல

செல்வி சித்தி: அப்புறம் ஓடலையா

ஜெனிட்டா: சுமாரா ஓடுச்சு சித்தி. அவருக்கு சின்ன வயசுலேர்ந்தே தொண்டைல பிரச்சனை, மே கடைசில பூஜிவால்னு ஊருக்குப் போயி சீன் ஆத்துல நீந்துனார், காய்ச்சல் வந்து மாரடைப்பு, ஜூன் 3 போயிட்டார். 36 வயசு. அன்னிக்கு அவரோட கல்யாண நாள் வேற. அதுக்கு முந்தின நாள் ராத்திரிதான் பாரிஸ்ல கார்மென் 33ஆவது தடவ நடந்துச்சு. நாலு மாசத்துல வியன்னால போட்டாங்க, அங்கேர்ந்து உலகம் பூரா போச்சு

பிரிட்டோ அண்ணன்: ச்சே

மரியான் சித்தப்பா: ஆண்டவரே. நாலு மாசம்

ஜெனிட்டா: 17 வயசுல ஒரு சிம்பொனி எழுதி எடுத்து வச்சவர், வாழ்நாள்ல ஒரு தடவகூட யாரும் வாசிக்கல, 1933ல பாரிஸ் கன்சர்வேட்டரிங்கிற இசைக் கல்லூரி லைப்ரரில கெடந்தத கண்டுபிடிச்சு 1935ல பாசெல் நகரத்துல வாசிச்சாங்க, அத காலைல கேட்டா அன்னிக்குப் பூரா மனசு லேசா இருக்கும். உயிரோட இருந்தப்போ வயித்துப்பாட்டுக்கு அடுத்தவங்க ஓபராவ பியானோவுக்கு மாத்தி எழுதிக் குடுத்துட்டிருந்தார்

செல்வி சித்தி: முத்துக்குளி பாட்டு இன்னொண்ணு அனுப்பிருக்கியே, அதே பாட்டுதானே, முடிவு மட்டும் வேற மாதிரி இருக்கு

ஜெனிட்டா: கண்டுபிடிச்சிட்டீங்க! அவர் செத்தப்புறம் மறுபடி போட்டவங்க அங்கங்க மாத்திட்டாங்க. எல்லாருக்கும் பிடிச்ச அந்த மெட்டு கடைசில திரும்பி வருதே, அது அவர் எழுதுனதே இல்ல. அவர் வேகமான வேற ஒரு மெட்டுல முடிச்சிருந்தார், 1863ல அச்சடிச்ச பியானோ நோட்ட வச்சுத்தான் பின்னாடி திருத்துனாங்க. எனக்கு அவர் எழுதுனதுதான் வேணும், சத்தியம் பண்றவங்க அவசரம் அதுலதான் இருக்கு

மரியான் சித்தப்பா: எனக்கு அந்த மாத்துனதுதான் இனிக்குது ம்மா. ஆனா அந்தப் பிள்ள பாறைல பாடுறது தனியா இருந்தா அனுப்பு, கடல்கட்டி கதைய அம்மாட்ட இன்னும் கேட்டு எழுதுறேன்

ஜெனிட்டா: மொத அங்கத்தோட முடிவுல வரும் சித்தப்பா, இப்பவே அனுப்புறேன்