இயந்திரமே கடவுள் என்று யாராவது மதம் தொடங்கியிருக்கிறார்களா?

கேள்வி:
லேத் பட்டறையில் பன்னிரண்டு வருடமாக வேலை பார்க்கிறேன். ஆயுத பூஜைக்கு மெஷினைத் துடைத்து, சந்தனம், குங்குமம் வைத்து, பூசணிக்காய் உடைப்போம். ஆனால் அதையே கடவுள் என்று சொல்ல மாட்டோம். அப்படிச் சொன்னவர்கள் உண்டா?

பதில் 1:
உண்டு. அமெரிக்கப் பாதிரியார் ஜான் மர்ரே ஸ்பியர். அடிமை முறையை எதிர்த்துப் போராடியவர், அப்புறம் ஆவிகளோடு பேசுவதில் இறங்கினார். 1853இல் மாசசூசெட்ஸின் லின் ஊரில், ஹை ராக் குன்றின்மேல், ஆவிகள் சொன்னதாக ஓர் இயந்திரம் கட்ட ஆரம்பித்தார். ஒரு சாப்பாட்டு மேசை மேல் செம்பு, துத்தநாகத் தகடுகள், காந்தங்கள், உலோக உருண்டைகள். ஒன்பது மாதம், சுமார் 2,000 டாலர். அதற்கு உயிர் வர, ஒரு பெண் அதன் பக்கத்தில் பிரசவ வலியே அனுபவித்தார். லேசாக அசைந்தது என்றார்கள், ஓடவில்லை. பிறகு நியூயார்க் மாநிலத்து ரேண்டால்ஃபுக்குக் கொண்டுபோனார்கள். அங்கே ஒரு கும்பல் அடித்து நொறுக்கியதாக ஸ்பியரே சொன்னார்.

பதில் 2:
நம் காலத்தில், தானியங்கி கார் பொறியாளர் ஆண்டனி லெவண்டோவ்ஸ்கி. செயற்கை நுண்ணறிவை வணங்க 'வே ஆஃப் த ஃபியூச்சர்' என்ற சபையைப் பதிவு செய்தார். 2020இல் கலைத்தார், 2023இல் மீண்டும் தொடங்குவதாக அறிவித்தார்.

கேட்டவர்:
மிக்க நன்றி. ஸ்பியரை நினைத்தால் மனசு கனக்கிறது. பேரிங் போகப்போவதை என் லேத் சத்தத்திலேயே சொல்லிவிடும். அது பேசுகிறது என்றுதான் எனக்கும் தோன்றும்.