பம்பர் அடித்தவர் பெயரை ஊருக்கே சொல்ல வேண்டுமா?

குமுளி ராஜா:
2022-ல் கேரள அரசு லாட்டரியின் திருவோணம் பம்பரில் 25 கோடி அடித்த திருவனந்தபுரம் ஆட்டோ ஓட்டுநரை மறந்திருக்க மாட்டீர்கள். பணம் கைக்கு வருவதற்கு முன்பே வாசலில் கூட்டம். சொந்த வீட்டில் இருக்க முடியாமல் உறவினர் வீடு உறவினர் வீடாக மாறித் தங்கினார், குழந்தைக்கு உடம்பு சரியில்லாத நேரத்திலும் நிம்மதி இல்லை, இதற்கு மூன்றாம் பரிசு விழுந்திருந்தாலே போதும் என்று அவரே வீடியோவில் சொன்னார். 2024-ல் கிறிஸ்துமஸ் புத்தாண்டு பம்பரில் 20 கோடி விழுந்த புதுச்சேரிக்காரர் உஷாராகப் பெயரை வெளியிட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார். கேட்டால்தான் மறைப்பது என்றில்லாமல், யாருக்கு விழுந்தாலும் மறைப்பதையே விதியாக்கினால் என்ன?

கணக்கர் வேலு:
கூடவே கூடாது. அரசு நடத்துகிற குலுக்கல், கோடிக்கணக்கில் மக்கள் பணம். யாருக்குப் போனது என்று தெரியாவிட்டால் உள்ளே இருப்பவனே அடித்துக்கொண்டு போவான். கதை விடவில்லை, அமெரிக்காவில் நடந்தது. 2010 டிசம்பரில் ஐயோவா மாநிலத்தில் ஹாட் லாட்டோ என்ற லாட்டரியில் 1.65 கோடி டாலர் பரிசு, ஒரு வருடம் ஆகப் போகிறது, யாரும் வரவில்லை. கடைசியில் பெலீஸ் நாட்டு நிறுவனம் ஒன்றின் பேரில் ஒரு வக்கீல் வந்தார். ஆள் யார் என்று சொன்னால்தான் பணம் என்று ஐயோவா கறாராக நின்றது, கோரிக்கையையே வாபஸ் வாங்கிவிட்டார்கள். தோண்டிப் பார்த்தால், சீட்டு வாங்கியவர் எடி டிப்டன், குலுக்கல் கணினிகளைக் கவனித்த, பல மாநில லாட்டரிகள் சேர்ந்த சங்கத்தின் பாதுகாப்பு அதிகாரி! எண் தேர்ந்தெடுக்கும் மென்பொருளிலேயே கை வைத்திருந்தார்.

வாளையாறு மீனா:
வேலு சார், உங்கள் உதாரணமே எங்கள் பக்கம்தான் பேசுகிறது. ஐயோவா கேட்டது லாட்டரித் துறையிடம் பெயர் சொல் என்று. பக்கத்து வீட்டுக்காரரிடம் சொல் என்று இல்லையே? துறைக்கு அடையாளச் சான்று, வருமான வரிக்கு பான் எண், வங்கிக்குக் கணக்கு விவரம், எல்லாம் போகட்டும். பத்திரிகையில் படம் எதற்கு?

கணக்கர் வேலு:
மேடம், பாதிக் கதையோடு நிறுத்திவிட்டீர்கள். டிப்டன் மாட்டியது துறையின் கோப்பால் இல்லை. கடை கேமராப் பதிவைப் பொதுமக்களுக்கு வெளியிட்டார்கள், குரலைக் கேட்டுத் தெரிந்தவர்கள் அடையாளம் காட்டினார்கள். நாலு பேர் கண்ணில் பட்டதால்தான் பிடிபட்டார்.

வாளையாறு மீனா:
அது சந்தேகம் வந்த பிறகு. சந்தேகமே இல்லாத ஆட்டோ ஓட்டுநரை எதற்கு வீதியில் நிறுத்த வேண்டும்? 2018-ல் அமெரிக்காவின் நியூ ஹாம்ப்ஷயர் மாநிலத்தில் 56 கோடி டாலர் அடித்த பெண் வழக்குப் போட்டார். சீட்டின் பின்னால் சொந்தப் பெயரை எழுதிவிட்டார், அறக்கட்டளைப் பெயரில் எழுதியிருந்தால் தப்பித்திருக்கலாம் என்று அப்புறம்தான் தெரிந்தது, அழித்து எழுதினால் சீட்டே செல்லாது. பெயரை மறைக்கலாம், ஊரை மட்டும் சொல்லலாம் என்று தீர்ப்பு வந்தது. இதுபோல நம் பக்கமும் மாவட்டத்தை மட்டும் சொல்லட்டும். ஜமைக்காவில் முகமூடி போட்டுக்கொண்டு வந்து காசோலை வாங்குகிறார்கள், அந்த அளவுக்குக்கூடப் போக வேண்டாம்.

கோபாலபுரம் சீட்டுக்கடை:
நான் கேரள எல்லையில் சீட்டு விற்கிறவன், நடைமுறையைச் சொல்கிறேன். துறை வாயைத் திறக்காவிட்டாலும் ஊருக்குத் தெரிந்துவிடும். முதல் பரிசு எந்த ஏஜென்சி சீட்டு என்று அன்றைக்கே தெரியும், 25 கோடியில் பத்து சதவீதம், இரண்டரைக் கோடி, ஏஜென்ட் கமிஷன். அந்தக் கடைக்காரர் பேனர் கட்டி லட்டு கொடுக்காமல் இருப்பாரா? வாங்கியவர் தெரிந்த முகம் என்றால் டீக்கடை வரை சேதி போய்விடும். அந்த ஆட்டோ ஓட்டுநரே பின்னால் லாட்டரிக் கடை திறந்துவிட்டார், அவர் முகம்தான் விளம்பரம்! எல்லாருக்கும் மறைக்கிற விதி போட்டால் அந்த மாதிரி ஆளுக்கும் நஷ்டம்தானே.

குமுளி ராஜா:
அவர் விரும்பிக் காட்டினால் காட்டட்டும் அண்ணே, யார் வேண்டாம் என்றது? எனக்கு எரிச்சல் இந்த 25 கோடி என்ற தலைப்புச் செய்திமேல்தான். கமிஷன் போக 22.5 கோடி, அதில் 30 சதவீத வரி 6.75 கோடி பிடித்தால் 15.75 கோடி, அதற்கும் மேல் வரிமேல் வரியாக வரும் சர்சார்ஜும் செஸ்ஸும் அவர்தான் கட்ட வேண்டும். கடன் கேட்டு வருகிறவர் 25-ஐ மனதில் வைத்துத்தான் வருவார். வெளியிட்டே தீருவோம் என்றால் வரி போன தொகையைப் போடட்டும்.

கணக்கர் வேலு:
அதை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் பெயரே இல்லாவிட்டால், கறுப்புப் பணக்காரன் ஒருவன் அசல் ஆளிடம் சீட்டைக் கூடுதல் விலைக்கு வாங்கித் தன் கணக்கில் காட்டுவதை யார் கண்டுபிடிப்பது? இந்தப் புகார் லாட்டரி உள்ள மாநிலங்களில் பழையது.

வாளையாறு மீனா:
அதைக் கண்டுபிடிப்பது வருமான வரித்துறையின் வேலை. பேப்பரில் படம் பார்த்து நானா கண்டுபிடிக்கப் போகிறேன்?

பழனி சுரேஷ்:
சண்டை நடக்கட்டும். ஓணத்துக்கு நானும் ஒரு சீட்டு வாங்குவேன், ஒருவேளை அடித்தால் முதலில் என்ன செய்ய வேண்டும், அதைச் சொல்லுங்கள்.

கோபாலபுரம் சீட்டுக்கடை:
சீட்டின் பின்னால் உடனே பெயர், முகவரி எழுதிக் கையெழுத்துப் போடுங்கள் தம்பி, இருபக்கமும் நகல் எடுங்கள். வாட்ஸ்அப் குரூப்பில் படம் போடுகிற வேலையே வேண்டாம். கோடிப் பரிசுக்குக் கடைக்கு வர வேண்டியதில்லை, முப்பது நாளுக்குள் வங்கி வழியாகவே திருவனந்தபுரத்துக்கு அனுப்பலாம். கடைக்காரர் கோபித்துக்கொள்வாரோ என்று பயந்து கடைக்கு ஓடி வராதீர்கள், சீட்டு எண்ணை வைத்தே எங்கள் கமிஷன் வந்துவிடும்.

பழனி சுரேஷ்:
லட்டு?

கோபாலபுரம் சீட்டுக்கடை:
கூட்டத்தோடு கூட்டமாக வந்து ஒன்று எடுத்துக்கொள்ளுங்கள்.